முகவாதத்தில் முதலில் பார்க்க வேண்டியது இமையை

தக்கலைக்குப் பக்கத்தில் சிறியதொரு பிசியோதெரபி மையம் நடத்தி வருகிறேன். முகத்தசைகளை இயக்கும் நரம்பு செயலிழந்து முகத்தின் ஒரு பக்கம் தளர்ந்துபோவதுதான் முகவாதம். அதோடு அங்கே வருகிறவர்கள் ஏறக்குறைய எல்லோருமே "வாய் கோணிப் போச்சு" என்றுதான் பேச்சைத் தொடங்குகிறார்கள். காபி குடித்தால் ஓரமாக வழிகிறது, வாய் கொப்பளித்தால் தண்ணீர் நிற்பதில்லை, அடுத்த மாதம் வீட்டில் கல்யாணம் இருக்கிறது என்று கூட வந்தவர்கள் கவலைகளை அடுக்குகிறார்கள். அவற்றில் எதையும் நான் சிறிதாக எண்ணவில்லை. ஆயினும் வாயின் கோணல் பெரும்பாலானவர்களுக்குச் சில வாரங்களில் நேராகத் தொடங்கிவிடும். அதே நரம்பு செயலிழந்ததால் மூடாமல் நிற்கும் இமையோ, கவனிக்காமல் விட்டால், சில நாட்களிலேயே கருவிழியில் புண்ணை உண்டாக்கிப் பார்வைக்கே உலை வைத்துவிடும்.

எனவே நான் முதலில் பார்ப்பது இமையை. "தூங்கப் போவதுபோலக் கண்ணை மெதுவாக மூடுங்கள்" என்று சொல்லிவிட்டு, முகத்துக்கு நேரே உட்கார்ந்து கவனிப்பேன். கருங்கல் பக்கத்திலிருந்து வந்த ஓர் அம்மாவிடம் கண்டதை இங்கே சொல்லலாம். நல்ல பக்கத்து இமைகள் ஒன்றோடொன்று சேர்ந்து, இமை மயிர்கள்கூட உள்ளே மடிந்துகொண்டன. மற்றப் பக்கத்தில் மேலிமை பாதி வழி இறங்கி நின்றுவிட்டது. கீழிமை அசையவே இல்லை. நடுவில் திறந்து கிடந்த பிளவில் கருவிழி மெல்ல மேலே உருண்டு மேலிமைக்குள் மறைய, வெள்விழி மட்டும் ஒரு கீற்றாகத் தெரிந்தது. "நல்லா அடச்சாச்சு சாரே" என்றார் அவர். கருவிழி இமைக்குள் போய்விட்டதால் கண் மூடிவிட்டதாகவே அவருக்குத் தோன்றியிருக்கிறது. மூட முயலும்போது விழி மேல்நோக்கி உருள்வது நம்மில் பெரும்பாலோருக்கு உள்ள இயல்புதான்; இமை மூடிக்கொள்வதால் அது வெளியே தெரிவதில்லை. 1820-களில் இதை விவரித்த ஸ்காட்லாந்து மருத்துவர் சர் சார்லஸ் பெல்லின் பெயராலேயே இது பெல் நிகழ்வு என்று வழங்குகிறது. காரணம் பிடிபடாத முகவாதத்துக்கும் அவர் பெயரே நிலைத்துவிட்டது. சிலருக்கு இந்த உருளல் சரியாக அமைவதில்லை. அவர்களுடைய கருவிழி இரவு முழுவதும் அந்தப் பிளவிலேயே காய்ந்து கிடக்கும் என்பதால், அவர்களை அன்றைக்கே கண் மருத்துவரிடம் அனுப்பிவிடுவேன்.

இமையை மூடுவது ஒரே ஒரு தசை. கண்சுற்றுத் தசை என்று தமிழ்ப் பாடநூல்களில் எழுதலாம். கல்லூரியில் நாங்கள் படித்த பெயர் ஆர்பிக்குலாரிஸ் ஆக்குலை. மூக்கோரத்து எலும்பிலும், கண்ணின் உள்மூலையில் விரலால் தடவினால் தட்டுப்படும் சிறு தசைநாரிலும் தொடங்கி, கண்ணைச் சுற்றி வளையமாக ஓடும் மெல்லிய தசைத்தாள் அது. அதன் வெளி வளையம் புருவத்துக்கு மேலும் கன்னத்தின் மேட்டிலும் பரந்து, வெளி மூலையில் எங்கும் அறுபடாமல் சுற்றி வந்து தொடங்கிய இடத்திலேயே முடிகிறது. நண்பகல் வெயிலில் கடலைப் பார்த்துக்கொண்டு வள்ளம் செலுத்தும் குளச்சல், முட்டம் பகுதி மீனவர்களின் கண்ணோரத்தில் விசிறிபோல் விரியும் சுருக்கங்கள் இந்த வெளி வளையம் ஆண்டுக்கணக்கில் சுருங்கிச் சுருங்கி உண்டானவை. நாமாக நினைத்து கண்ணை இறுக்குவதும், தூசி பறக்கும்போது இடுக்குவதும் இதன் வேலை.

உள் வளையம் இமைகளுக்குள்ளேயே அடங்கியது. உடலிலேயே மிக மெல்லிய தோல் இமைத்தோல். அதன் அடியில் கொழுப்பு இல்லை, தோலை நீக்கினால் உடனே இந்தத் தசைதான். இமைக்கு விறைப்பைத் தரும் தட்டின் மேல் ஒரு பகுதியும், அதற்கு அப்பால் கண்குழியை மறைக்கும் மெல்லிய திரையின் மேல் மற்றொரு பகுதியுமாக இது அமைந்திருக்கிறது. இமைத்தட்டின் மேல் இருக்கும் இழைகளில் மிகுதியானவை வேகமாகச் சுருங்கும் வகையைச் சேர்ந்தவை. நாம் நினைக்காமலே நிமிடத்துக்குச் சுமார் 15 முறை நிகழும் இமைப்பு முழுவதும் இவற்றின் உழைப்பு. ஆகையால் நரம்பு பாதி மட்டும் பழுதடைந்தவர், சொன்னால் கண்ணை முழுதாக மூடிக் காட்டுவார். பேசிக்கொண்டிருக்கும்போது கவனித்தால் அந்தப் பக்கம் இமைப்பு மந்தமாகவும் அரைகுறையாகவும் இருக்கும். மூடச் சொல்லிப் பார்ப்பதோடு நிறுத்திக்கொள்ளாமல், சும்மா பேச்சுக் கொடுத்துக்கொண்டே ஒரு நிமிடம் இரண்டு கண்களையும் பார்க்க வேண்டும் என்று என்னிடம் பயிற்சிக்கு வரும் பிள்ளைகளிடம் திரும்பத் திரும்பச் சொல்கிறேன்.

மூன்றாவது பகுதி மிகச் சிறியது, ஆனால் எனக்கு இந்தத் தசையிலேயே அதிக வியப்பைத் தருவது அதுதான். கண்ணீர்ப்பைக்குப் பின்னால் உள்ள எலும்பு விளிம்பில் தொடங்கி, இரு இமைகளிலும் உள்ள கண்ணீர்க் குழாய்களைத் தழுவிக்கொண்டு இமைத்தட்டுகளின் உள்முனையில் போய்ச் சேரும் சில இழைகள் அவை. கண் மூடும் இயக்கம் வெளி மூலையில் தொடங்கி மூக்கை நோக்கி நகர்கிறது. அந்த நகர்வு கண்ணீரை உள்மூலைக்குத் தள்ள, இந்தச் சிறு இழைகள் இமை ஓரத்துத் துளைகளை விழியோடு ஒட்டி இழுத்து, குழாய்களை அழுத்தி, கண்ணீரைப் பைக்குள்ளும் அங்கிருந்து மூக்குக்குள்ளும் செலுத்துகின்றன. நம் தோட்டத்துப் பம்ப்செட் ஓடாவிட்டால் கிணற்றில் தண்ணீர் இருந்தும் வாய்க்கால் காய்வதுபோல, இந்த இழைகள் ஓய்ந்துவிட்டால் கண்ணீர் சுரந்தும் போக வேண்டிய வழியில் போகாது. முகவாதக்காரர்கள் "கண்ணுல எப்பவும் தண்ணியா ஒழுகுது" என்று சொல்லும்போது, கண்ணில் ஈரம் மிகுதியாக இருக்கிறது, சொட்டு மருந்து எதற்கு என்று வீட்டார் நினைத்துவிடுகிறார்கள். உண்மையில் கீழிமை தளர்ந்து விழியை விட்டு விலகியதால் கண்ணீர் கன்னத்தில் வழிகிறது. அதே வேளையில், இமைப்பு அதைக் கருவிழியின் மேல் பரப்பாததால் கருவிழி காய்கிறது. ஒழுகும் கண்ணும் காய்ந்த கண்ணும் ஒரே கண்ணாக இருக்க முடியும்.

திருவட்டாறு ஆதிகேசவப் பெருமாள் கோயில் திருவிழாவில் கதகளி பார்த்தவர்களுக்கு, இந்தத் தசையை எவ்வளவு நுட்பமாகப் பழக்க முடியும் என்று சொல்லத் தேவையில்லை. வேடமிட்டவர் முகத்தின் மற்ற எதையும் அசைக்காமல் கீழிமைகளை மட்டும் துடிக்கச் செய்வதை விளக்கின் வெளிச்சத்தில் முன்வரிசையிலிருந்து பார்த்திருக்கிறேன். நம்மில் பலருக்கு ஒரு கண்ணை மட்டும் மூடுவதே பெரும்பாடு. அவர்களோ கண் சாதகம் என்ற பெயரில் இளமையிலேயே இதற்காக உழைக்கிறார்கள்.

மூடும் தசையைப் பற்றிப் பேசும்போது திறக்கும் தசையையும் சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் இரண்டையும் குழப்பிக்கொள்வதால் வரும் தொல்லை கொஞ்சமல்ல. மேலிமையைத் தூக்கும் தசை கண்குழியின் ஆழத்திலிருந்து வருவது. அதற்கு ஆணை தருவது மூன்றாவது கபால நரம்பு. மூடும் தசைக்கு ஏழாவது நரம்பு. முகவாதத்தில் ஏழாவது மட்டும் படுத்துவிட, மூன்றாவது நலமாக இருப்பதால், தூக்கும் தசைக்கு எதிராக இழுக்க யாரும் இல்லாமல் கண் அகலமாகத் திறந்தே நிற்கிறது. மாறாக, இமை தொங்கித் தானாகவே கண்ணை மறைத்தால் அது முகவாதம் அன்று. மூன்றாவது நரம்பின் கோளாறாகவோ, தசைச்சோர்வு நோயாகவோ இருக்கலாம். தலைவலியோடு திடீரென ஒரு பக்க இமை தொங்கி, பொருள்கள் இரண்டிரண்டாகத் தெரிந்தால், அவர் என்னைப் போன்றவரிடம் வரக் கூடாது, நேரே ஆசாரிப்பள்ளம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனை போன்ற பெரிய இடத்துக்குப் போக வேண்டும்.

இனி ஏழாவது நரம்பின் வழி. மூளைத்தண்டில் பான்ஸ் என்று வழங்கும் பகுதியின் கீழ்ப்பாகத்தில் முகத்தசைகளுக்கான நரம்பணுக்கள் கூட்டமாக இருக்கின்றன. அங்கிருந்து புறப்படும் இழைகள் நேரே வெளியேறாமல், விழியை வெளிப்புறம் திருப்பும் ஆறாவது நரம்பின் அணுக்கூட்டத்தைச் சுற்றி வளைந்துகொண்டு வெளிவருகின்றன. பிறகு செவி நரம்போடு சேர்ந்து காதெலும்புக்குள் நுழைந்து, அங்கே தனக்கென்று அமைந்த எலும்புக் கால்வாயில் சுமார் 3 சென்டிமீட்டர் தொலைவு போகிறது. கபால நரம்புகளில் வேறெதுவும் இவ்வளவு நீளமான எலும்புக் குழாய்க்குள் பயணம் செய்வதில்லை. அந்தக் கால்வாயின் தொடக்கப் பகுதி மிகவும் குறுகலானது, விட்டம் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவு. நரம்பு வீங்கினால் விரிந்துகொடுக்க இடம் கிடையாது. வீக்கம் நரம்பையே நெரித்து, அதன் இரத்த ஓட்டத்தையும் தடுக்கிறது. பெல் முகவாதத்தில் நடப்பது இதுதான். வீக்கத்துக்குக் காரணமாகப் பெரும்பாலும் கருதப்படுவது, வாயோரத்தில் கொப்புளம் உண்டாக்கும் ஹெர்பிஸ் வைரஸ் நரம்பு முடிச்சில் உறங்கிக் கிடந்து மறுபடி விழித்துக்கொள்வது. சர்க்கரை நோயும், கர்ப்பத்தின் கடைசி மாதங்களும் இதற்கான வாய்ப்பைக் கூட்டுகின்றன.

எங்கள் ஊர்ப் பக்கத்தில் இதற்குச் சொல்லப்படும் காரணம் காற்று. ஆரல்வாய்மொழிக் கணவாயில் ஆனி, ஆடி மாதங்களில் வீசும் காற்றை அறிந்தவர்கள், ஜன்னலோரம் உட்கார்ந்து பஸ்ஸில் வந்ததால் முகத்தில் காற்றடித்துவிட்டது என்று சொல்வதில் எனக்கு வியப்பில்லை. முப்பந்தலில் அத்தனை காற்றாலைகளைச் சுழற்றும் காற்று அது. ஆனால் நரம்பு படுத்த இடம் காதெலும்பின் உள்ளே, காற்று எட்டாத ஆழத்தில் இருக்கிறது. காற்றைப் பற்றிக் கவலைப்பட வேண்டியது நோய் வந்த பிறகுதான். மூடாத கண்ணோடு அந்தக் கணவாய் வழியாக பைக்கில் போகிறவரின் கருவிழி, ஈரம் முழுவதையும் இழந்துவிடும். பக்கவாட்டிலும் மறைப்புள்ள கண்ணாடி இல்லாமல் அப்படிப் போக வேண்டாம் என்று கண்டிப்பாகவே சொல்கிறேன். உப்புக்காற்றில் தொழில் செய்கிறவர்களுக்கும் அதே பேச்சுத்தான்.

கால்வாயைக் கடக்கும்போது இந்த நரம்பு வேறு சில கிளைகளையும் கொடுக்கிறது: கண்ணீர்ச் சுரப்பிக்கு ஒன்று, நடுச்செவியில் பேரொலியைத் தணிக்கும் சிறு தசைக்கு ஒன்று, நாக்கின் முன்பகுதிச் சுவைக்கு ஒன்று. ஆகவே முகம் கோணியதோடு கண் வறண்டு, குக்கர் விசில் காதைத் துளைப்பதுபோல் கேட்டு, சோற்றில் உப்புத் தெரியாமலும் போனால், பழுது எந்த உயரத்தில் என்று ஊகிக்க முடியும். காதின் பின்புறம் வலி இருக்கிறதா என்று கேட்பதோடு, காதுமடலிலும் துளையிலும் கொப்புளம் இருக்கிறதா என்று டார்ச் அடித்துப் பார்ப்பதும் தேவை. இருந்தால் அது அக்கி வைரஸ், அதற்கு மருந்தும் வேறு, மீட்சியும் மெதுவானது.

காதின் பின்னால் எலும்பை விட்டு வெளியே வந்த நரம்பு, கன்னத்து உமிழ்நீர்ச் சுரப்பிக்குள் புகுந்து ஐந்து கிளைகளாகப் பிரிகிறது. அவற்றில் மேலே உள்ள இரண்டு நம் தசைக்கு உரியவை. நெற்றிப்பொட்டை நோக்கி ஏறும் கிளை நெற்றிக்கும் தசையின் மேற்பகுதிக்கும், கன்ன எலும்பின் மேல் ஓடும் கிளை கீழிமைக்கும் வெளி மூலைக்கும் போகின்றன. உள்மூலைப் பக்கத்துக்குக் கன்னக் கிளையிலிருந்தும் சில இழைகள் வருகின்றன. முதல் கிளை கன்ன எலும்பு வளைவைக் கடக்கும் இடத்தில் தோலுக்குச் சற்றே அடியில் இருப்பதால், ஹெல்மெட் இல்லாமல் விழுந்து நெற்றிப்பொட்டில் ஆழமாக வெட்டுப்பட்டவர்களுக்கு, தையல் போடுமுன் புருவத்தை உயர்த்தச் சொல்லியும் கண்ணை மூடச் சொல்லியும் பார்ப்பது அவசியம்.

பக்கவாதமா முகவாதமா என்ற கேள்விக்கும் இந்தத் தசையே சாட்சி சொல்கிறது. முகத்தின் மேற்பாதிக்கான நரம்பணுக்கள் மூளையின் இரண்டு பக்கங்களிலிருந்தும் ஆணை பெறுகின்றன. கீழ்ப்பாதிக்கு எதிர்ப்பக்க மூளையே பெரும்பாலும் பொறுப்பு. மூளையின் ஒரு பக்கத்தில் இரத்தக்குழாய் அடைத்தால் வாய் கோணும், ஆனால் நெற்றியைச் சுருக்க முடியும், கண் ஏறக்குறைய நன்றாகவே மூடும். நரம்பே படுத்தால் நெற்றியும் கண்ணும் வாயும் சேர்ந்து படுக்கும். இதைத் தெரிந்து வைத்துக்கொண்டு வீட்டில் இருந்தபடியே முடிவெடுக்க யாரும் முனைய வேண்டாம். மூளைத்தண்டில் வரும் பக்கவாதம் இந்த விதியை மீறும். முகம் கோணினால் எதுவானாலும் அன்றே மருத்துவரைப் பார்க்க வேண்டும். கையோ காலோ தளர்ந்தால், பேச்சுக் குழறினால் 108-க்கு அழைக்க வேண்டும்.

அன்றே என்று வலியுறுத்துவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. பெல் முகவாதத்தில் சிகிச்சை இல்லாமலே பத்துக்கு ஏழு பேர் முழுமையாகத் தேறுகிறார்கள் என்றாலும், ஸ்டீராய்டு மாத்திரையை 72 மணி நேரத்துக்குள் தொடங்கினால் அந்த எண்ணிக்கை மேலும் உயர்கிறது. நம் மாவட்டம் வர்மத்துக்குப் பேர்போன மண். முகம் கோணியதும் ஆசானிடம் போய் எண்ணெய் தடவி வருகிறவர்கள் பலர். ஆசான்கள் மேல் எனக்கு மரியாதை உண்டு. முதல் மூன்று நாள் அங்கேயே கழிந்துவிடக் கூடாது என்பதே என் கவலை. கண்ணில் தாய்ப்பாலும் நந்தியாவட்டைச் சாறும் விடுவதை மட்டும் எந்தச் சமாதானமும் இல்லாமல் மறுக்கிறேன், காய்ந்து மேற்தோல் உரிந்த கருவிழியில் கிருமி நுழைய அதைவிட எளிய வழி இல்லை.

செய்ய வேண்டியவை எளியவை. பகலில் செயற்கைக் கண்ணீர்ச் சொட்டு மருந்தை மணிக்கொரு தடவைகூட விடலாம். இரவில் கண் ஆயின்ட்மென்ட் இட்டு, மேலிமையை விரலால் கீழே இழுத்து முழுதாக மூடியதை உறுதி செய்த பிறகு டேப் ஒட்ட வேண்டும். மூடாத கண்ணின் மேல் பஞ்சை வைத்துக் கட்டுவது ஆபத்து, பஞ்சே கருவிழியை உரசிவிடும். கண் சிவந்தாலோ, கூசினாலோ, பார்வை மங்கினாலோ மறுநாள் வரை காத்திருக்கக் கூடாது.

வலியை நம்பி இருந்துவிட முடியாத நிலை ஒன்று உண்டு. கருவிழியின் தொடுவுணர்வை எடுத்துச் செல்வது ஐந்தாவது நரம்பு. தூசி பட்டவுடன் அது மூளைத்தண்டுக்குச் செய்தி சொல்ல, ஏழாவது நரம்பு இரண்டு கண்களையும் மூடுகிறது. தொழுநோய் இந்த இரண்டு நரம்புகளையும் தாக்க வல்லது. தோலுக்கு அருகே, குளிர்ச்சியான இடத்தில் ஓடும் நரம்பை விரும்பும் கிருமி அது, கன்ன எலும்பின் மேல் ஓடும் கிளை அதற்கு வாகாக அமைந்துவிடுகிறது. இமை மூடாது, கருவிழி மரத்தும் போயிருக்கும். புண் வந்தும் வலிக்காது. நோயாளி கண்ணாடியில் பார்த்தால்தான் உண்டு. பொட்டெலும்பில் இருக்கும் மெல்லும் தசையிலிருந்து ஒரு பட்டையை எடுத்து இமைகளுக்குள் செலுத்தி, பல்லைக் கடித்தால் கண் மூடும்படி அமைக்கும் அறுவை இத்தகையோருக்காகச் செய்யப்படுகிறது. அந்தத் தசை ஐந்தாவது நரம்பின் ஆணையில் இருப்பதால் அது சாத்தியமாகிறது.

இதே காரணத்தால்தான், முகவாதம் வந்தவரைப் பபிள்கம் மெல்லச் சொல்லும் பழக்கத்தை நான் ஏற்பதில்லை. மெல்லும் தசைகள் ஐந்தாவது நரம்புக்கு உரியவை. எவ்வளவு மென்றாலும் ஏழாவதுக்கு அதனால் பயனில்லை. பலூன் ஊதுவது அதைவிடவும் கெடுதி. முழு மூச்சையும் கூட்டி முகம் முழுவதையும் ஒன்றாக முறுக்கும் பயிற்சி, மீண்டு வரும் நரம்புக்குத் தவறான பாடத்தைக் கற்பிக்கிறது. கரண்ட் வைக்கச் சொல்லி வற்புறுத்துகிறவர்களிடமும், அதனால் நரம்பு விரைவாக வளரும் என்பதற்கு உறுதியான ஆதாரம் இல்லை என்று பொறுமையாக விளக்குகிறேன்.

அறுந்த நரம்பிழை நாளொன்றுக்குச் சுமார் ஒரு மில்லிமீட்டர் வளர்கிறது. வளரும்போது வாய்க்குப் போக வேண்டிய இழை இமைக்கும், உமிழ்நீர்ச் சுரப்பிக்குரிய இழை கண்ணீர்ச் சுரப்பிக்கும் போய்ச் சேர்ந்துவிடுவதுண்டு. தேறிய சில மாதங்களுக்குப் பிறகு, சிரிக்கும்போது கண் சுருங்குகிறது, சாப்பிடும்போது கண்ணீர் வருகிறது என்று திரும்பி வருகிறவர்கள் இவர்கள். மூன்று, நான்கு மாதங்களாகியும் எந்த அசைவும் திரும்பாதவருக்கு வேறு காரணம் இருக்கிறதா என்று தேட வேண்டும். இவர்களுக்கோ நரம்பு திரும்பிவிட்டது, வழிதான் மாறிவிட்டது. இவர்களிடம் வலிமையைக் கூட்டச் சொல்வதில்லை. கண்ணாடி முன் உட்காரவைத்து, உதட்டை மிக மெதுவாக, இமை சுருங்கத் தொடங்கும் அளவுக்குச் சற்று முன்பு வரை மட்டும் குவிக்கச் சொல்கிறேன். கண்ணைத் தளர்த்தியபடியே அந்த எல்லையை வாரத்துக்கு வாரம் கொஞ்சம் தள்ள வேண்டும். அதற்கும் கட்டுப்படாத இறுக்கத்துக்குத் தசைக்குள் மிகச் சிறு அளவில் போட்டாக்ஸ் ஊசி போடுவார்கள். அதன் பயன் மூன்று, நான்கு மாதங்கள் நிற்கும், பயிற்சியை அந்த இடைவெளியில்தான் தீவிரமாகச் செய்ய வேண்டும்.